2021: புக்கர் வந்த ஆண்டா, ரோனி கோவெண்டர் போன ஆண்டா?

கரும்புக்காடு (டோங்காட்), 4 நவம்பர் 2021, காலை

அனைவருக்கும் தீபாவளி வாழ்த்துகள்.

நேற்று இரவு முறுக்குப் பிழிந்துகொண்டே லண்டனில் நடந்த புக்கர் பரிசு விழாவைக் கைபேசியில் பார்த்தேன். திரை முழுக்க எண்ணெய்க் கறை. நம் எழுத்தாளர் டேமன் கால்கட் பெயரை அறிவித்ததும் நான் கத்திய கத்தலில் மனைவி அடுப்பை அணைத்துவிட்டாள், யாருக்கோ ஏதோ ஆகிவிட்டது என்று. 2003இலும் 2010இலும் குறும்பட்டியல் வரை போய் வெறுங்கையோடு திரும்பியவர். மூன்றாம் முறை 'தி பிராமிஸ்' நாவலுக்குக் கிடைத்துவிட்டது. நம் தென்னாப்பிரிக்காவிலிருந்து 1974இல் நடீன் கோர்டிமர், 1983இலும் 1999இலும் ஜே. எம். கூட்ஸி, இப்போது இவர். 50,000 பவுண்டு, நம் கணக்கில் 10 லட்சம் ராண்டுக்கு மேல்.

காலையில் செய்தித்தாளைப் புரட்டினால் நகராட்சித் தேர்தல் முடிவுகளே பக்கம் பக்கமாக. இலக்கியத்துக்கு இந்த நாட்டில் எப்போதும் கடைசி வரிசைதான், பரவாயில்லை.

பள்ளியில் முப்பது ஆண்டு ஆங்கிலம் கற்பித்தவன் என்ற உரிமையில் ஓர் இழை தொடங்குகிறேன். இந்த ஆண்டு நம் நாட்டு இலக்கியத்தில் எது பெரிய நிகழ்வு? என் பதில் புக்கர். மறுப்பவர்கள் வாருங்கள்.

ஜோபர்க் வாசகன், 4 நவம்பர்

ஐயா, வாழ்த்துகள். ஆனால் நேற்று இரவு நான் உங்களைப் போலக் கத்தவில்லை. அதே குறும்பட்டியலில் ஒரு தமிழர் இருந்தார் என்பதை நீங்கள் சொல்லாமலே விட்டுவிட்டீர்களே! அனுக் அருட்பிரகாசம், கொழும்புக்காரர், 'எ பாசேஜ் நார்த்'. பத்து ஆண்டுக்கு முன் மதுரையிலிருந்து வேலைக்காக இங்கே வந்தவன் நான். உள்ளூர்க்காரர் ஒருபக்கம், தமிழர் ஒருபக்கம். யாருக்காகக் கைதட்டுவது என்று தெரியாமல் உட்கார்ந்திருந்தேன்.

என் வாக்கு அருட்பிரகாசத்துக்கே. போர் முடிந்தபின் ஓர் இளைஞன் கொழும்பிலிருந்து வடக்கே ரயிலில் போகிறான், ஒரு சாவு வீட்டுக்கு. அவ்வளவுதான் கதை. உரையாடலைக்கூட மேற்கோள் குறிக்குள் போட்டுத் தரமாட்டார், எல்லாம் அவன் நினைவின் ஊடாகத்தான் வரும். பொறுமையில்லாதவர்கள் இருபதாம் பக்கத்தில் மூடிவைத்துவிடுவார்கள். பொறுத்தவர்களுக்குக் கடைசியில் எரியும் சிதை முன்னால் ஓர் இடம் கிடைக்கும். அந்தப் பக்கங்களைப் படித்த அன்று இரவு நான் சாப்பிடவில்லை.

பாடசாலை ஆசிரியை (சாட்ஸ்வொர்த்), 5 நவம்பர்

இருவரும் ஒன்றைக் கவனித்தீர்களா? இரண்டு நாவல்களும் சாவு வீட்டுக் கதைகள். கால்கட் புத்தகத்தில் நான்கு பகுதி, நான்கு சவ அடக்கம். பிரிட்டோரியாவுக்கு வெளியே ஸ்வார்ட் குடும்பத்தின் பண்ணை. 1986இல் அம்மா, 1995இல் அப்பா, பிறகு 2004, 2018. அருட்பிரகாசத்திடம் ஒரே சாவு, அதற்கு ஒரு முழுப் பயணம்.

இன்னொன்றும் உண்டு. இரண்டிலும் வீட்டோடு இருந்து பார்த்துக்கொள்ளும் ஒரு பெண் இருக்கிறாள். இங்கே சலோமி. சாகப்போகிற வெள்ளைக்கார அம்மாவைக் கழுவித் துடைத்துப் பார்த்துக்கொண்டவள். அங்கே ராணி. போரில் இரண்டு பிள்ளைகளையும் பறிகொடுத்துவிட்டு, கொழும்பில் அந்த ரயில் இளைஞன் கிருஷனின் அப்பம்மாவைப் பார்த்துக்கொள்ள வந்தவள். பட்டியலில் ஆறு புத்தகங்கள், அதில் இரண்டின் நடுவில் இப்படி ஒருத்தி. வேலைக்காரி என்ற சொல்லை எழுதக் கை வரவில்லை, அதனால்தான் சுற்றி வளைக்கிறேன்.

கேட்டோமேனர் பேரன், 5 நவம்பர்

கரும்புக்காடு ஐயாவுக்கு என் மறுப்பு. என் தமிழ் பாடசாலைத் தமிழ், பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

சலோமிக்கு வீடு தருவதாகத் தாய் சாகும்போது வாக்குக் கொடுக்கிறார்கள். தரவில்லை. முப்பது ஆண்டுக்கு மேல் இழுத்தடிக்கிறார்கள். கடைசியில், எல்லோரும் செத்தபிறகு, இளைய மகள் ஆமோர் மட்டும்தான் அந்தச் சாவியை...

நெறியாளர், 5 நவம்பர்

பேரன், நிறுத்துங்கள். இன்னும் படிக்காதவர்கள் இருக்கிறார்கள். முடிவை எழுதுவதாக இருந்தால் முதல் வரியில் எச்சரிக்கை போடுங்கள்.

கேட்டோமேனர் பேரன், 5 நவம்பர்

எச்சரிக்கை: முடிவைத் தொட்டுப் பேசுகிறேன்.

அந்த வீடு மூன்று அறை, ஓட்டைக் கூரை. அதற்காக முழு நாவல். ஆனால் சலோமி என்ன நினைக்கிறாள்? தெரியாது. எல்லோருடைய மண்டைக்குள்ளும் புகுந்து புறப்படும் எழுத்தாளர் அவள் மண்டைக்குள் மட்டும் போவதில்லை. வேண்டுமென்றேதான் அப்படிச் செய்தேன் என்று கால்கட் சொல்கிறார், அந்த வீட்டார் அவளைப் பார்த்ததே இல்லை என்று காட்டுவதற்காக. சரி. ஆனால் எனக்குப் புழுங்குகிறது. ஏழைகளின் மௌனத்தைக் காட்டிப் பரிசு வாங்கலாம். அவர்கள் பேச்சைக் காட்டினால் யார் கொடுப்பார்கள்?

பேச்சைக் காட்டிய ஒருவர் நம்மிடம் இருந்தார். நாடகாசிரியர் ரோனி கோவெண்டர். 1934இல் டர்பனின் கேட்டோ மேனரில் பிறந்தவர். இந்த ஆண்டு ஏப்ரல் 29 அன்று போய்விட்டார். இந்த இழையில் இதுவரை யாரும் அவர் பெயரைக்கூடச் சொல்லவில்லை. அதனால் என் பதில்: 2021 அவர் போன ஆண்டு. புக்கர் அதற்கு அப்புறம்.

கரும்புக்காடு, 5 நவம்பர்

அடி விழுந்துவிட்டது. ஒப்புக்கொள்கிறேன், நான் மறந்தது தவறு. எழுபதுகளில் அவருடைய 'தி லானீஸ் பிளெஷர்' நாடகத்தை இரண்டு முறை பார்த்தவன் நான், மறந்திருக்கக் கூடாது.

தெரியாதவர்களுக்காக: மவுண்ட் எட்ஜ்கோம் ஹோட்டல் ஒன்றின் பின்பக்கம், இந்தியர்களுக்கென ஒதுக்கிய மதுக்கடை. மகள் ஓடிப்போன சோகத்தில் குடிக்க வந்த ஒரு தொழிலாளி, ஊற்றிக் கொடுப்பவன், முன்பக்கம் இருந்து எட்டிப் பார்க்கும் வெள்ளை முதலாளி. அந்த முதலாளிதான் லானி. நம் வீட்டுத் திண்ணையில் பேசுகிற ஆங்கிலம் அப்படியே மேடையில் வந்தது. தமிழ் வாக்கியத்தில் ஆங்கிலச் சொற்களைக் கோத்த அந்தப் பேச்சு! வகுப்பில் அப்படிப் பேசிய பிள்ளைகளைத் திருத்துவதற்கு எனக்குச் சம்பளம் கொடுத்தார்கள். அரங்கில் உட்கார்ந்து அதே பேச்சுக்கு விழுந்து விழுந்து சிரித்துவிட்டு, திங்கட்கிழமை போய் மறுபடியும் திருத்தினேன். இன்றைக்கும் நினைத்தால் கூச்சம்.

'அட் தி எட்ஜ்' கதைத் தொகுப்புக்கு 1997இல் காமன்வெல்த் எழுத்தாளர் பரிசு, ஆப்பிரிக்க வட்டாரத்தின் சிறந்த முதல் நூல் என்று. அப்போது அவருக்கு அறுபதைத் தாண்டியிருந்தது. அந்த வயதில் முதல் கதைத் தொகுப்பு!

நூலக மேசை (பீட்டர்மாரிட்ஸ்பர்க்), 6 நவம்பர்

நூலகத்தில் வேலை செய்பவளாக ஒரு வார்த்தை. இந்த ஆண்டை நான் ஏப்ரல் மாதத்தை வைத்துத்தான் நினைவில் கொள்வேன். ஏப்ரல் 18 ஞாயிறு, மேசை மலைச் சரிவில் பிடித்த தீ கீழே இறங்கி கேப் டவுன் பல்கலைக்கழகத்தின் ஜாகர் நூலகத்துக்குள் புகுந்தது. ஆப்பிரிக்க ஆய்வு நூல்தொகுப்பின் பெரும்பகுதி சாம்பல். திரைப்படத் தொகுப்பும் போயிற்று. பதினோரு நாள் கழித்து ரோனி ஐயா. நூல் எரிந்த மாதத்திலேயே நூல் எழுதியவரும்.

நிலவறையில் இருந்தவை தப்பின, தீத்தடுப்புக் கதவுகள் இறங்கியதால். அப்புறம் தீயணைத்த தண்ணீர் அங்கே தேங்கி, நனைந்த தாள்களைத் தன்னார்வலர்கள் கை மாற்றிக் கை மாற்றி மேலே கொண்டுவந்த படங்களைப் பார்த்து அழுதேன். வேறு எதற்கும் இந்த ஆண்டு அவ்வளவு அழவில்லை.

ஜோபர்க் வாசகன், 6 நவம்பர்

நூலக மேசை அக்கா, வருத்தமாக இருக்கிறது.

பேரன் தம்பிக்கு ஒன்று சொல்ல வேண்டும். ராணியும் அருட்பிரகாசம் நாவலில் தன் குரலில் அதிகம் பேசுவதில்லை. கிருஷன்தான் அவளைப் பற்றி யோசித்துக்கொண்டே போகிறான். ஆனால் அந்த மௌனத்தைப் பார்த்து அவன் வெட்கப்படுகிறான், போர் நடந்தபோது தான் எங்கோ பத்திரமாக இருந்ததற்காக. கால்கட்டின் மனிதர்களில் ஆமோரைத் தவிர எவருக்கும் அந்த வெட்கம் இல்லை. எனக்கு வேறுபாடு அங்கேதான். எங்கள் மதுரை வீட்டிலும் பாட்டியைக் கடைசிவரை பார்த்துக்கொண்ட ஒருவர் இருந்தார். அவருடைய ஊர்ப் பெயர்கூட எனக்குத் தெரியாது என்பது நாவலின் பாதியில்தான் உறைத்தது.

பாடசாலை ஆசிரியை, 7 நவம்பர்

நேற்று என் வகுப்பில், எட்டுப் பிள்ளைகள், 'தி பிராமிஸ்' என்ற தலைப்பைத் தமிழில் எப்படிச் சொல்வது என்று கேட்டேன். ஒருத்தி 'சத்தியம்' என்றாள். ஒருவன் 'வாக்குறுதி' என்றான், அது தேர்தல் துண்டறிக்கை போல இருக்கிறது. கடைசியில் 'வாக்கு' என்று முடிவாயிற்று.

உடனே ஒரு வாண்டு கேட்டது: "டீச்சர், வாக்கு என்றால் ஓட்டு இல்லையா?" திங்கட்கிழமைதான் அவன் அப்பா அம்மா வரிசையில் நின்று விரல் மையோடு வந்திருக்கிறார்கள். நான் அப்படியே நின்றுவிட்டேன். 1986இல் சலோமிக்கு இரண்டு வாக்கும் இல்லை. கொடுத்த வாக்குக்கு மதிப்பில்லை, போட வாக்கில்லை. அந்த நிலத்தில் ஒரு கறுப்பினப் பெண் வீட்டுக்குச் சொந்தக்காரியாகச் சட்டமே இடம் தரவில்லை, 1913ஆம் ஆண்டு நிலச் சட்டம் 1991 வரை உயிரோடு இருந்தது. கால்கட் எழுதிய மொழியில் இந்த இரட்டைப் பொருள் கிடைக்காது. தமிழில் மொழிபெயர்ப்பவர் கொடுத்துவைத்தவர்.

அவருடைய கதைசொல்லியைப் பற்றியும் சொல்ல வேண்டும். இவர் தலைக்குள்ளிருந்து அவர் தலைக்குள் தாவி, நடுவில் வாசகரையே சீண்டி, சவப்பெட்டி பக்கத்தில் நின்று கேலி பேசும் அந்தக் குரல். நடுவில் ஒரு திரைக்கதை எழுதிய பழக்கம்தான் காரணம் என்று அவரே சொல்லியிருக்கிறார். எனக்கு ஞாபகம் வந்தது நம் கட்டியங்காரன்! நம் ஆட்கள் சிக்ஸ் ஃபுட் டான்ஸ் என்று பெயர் வைத்த தெருக்கூத்தில், ராஜா பக்கத்திலேயே நின்று ராஜாவைக் கிண்டல் செய்வானே, அவன்.

கரும்புக்காடு, 7 நவம்பர்

கட்டியங்காரன்! இந்த ஒரு வரிக்காக இழை தொடங்கியது வீண் போகவில்லை.

மெரிபேங்க் பக்கத்து வீடு, 9 நவம்பர்

எல்லோரும் பேசுவதைப் பார்த்து வாங்கலாம் என்று போனேன். கடையில் தீர்ந்துவிட்டதாம். விலை 300 ராண்டுக்கு மேல், அதில் 15 விழுக்காடு மதிப்புக்கூட்டு வரி வேறு. முட்டைக்கும் பாலுக்கும் வரி இல்லை, புத்தகத்துக்கு உண்டு. நூலகத்தில் என் முறை வர மாசி மாதம் ஆகும் போல.

நூலக மேசை, 9 நவம்பர்

வரிசையில் பெயரைப் பதிந்துவிடுங்கள். காத்திருக்கும் நேரத்துக்கு இன்னொன்று சொல்கிறேன். இதே புக்கரின் நெடும்பட்டியலில் இன்னொரு தென்னாப்பிரிக்கரும் இருந்தார், கேரன் ஜென்னிங்ஸ், 'ஆன் ஐலண்ட்'. தீவில் தனியாக வாழும் கலங்கரை விளக்கக் காவலர், கரையொதுங்கும் ஓர் அகதி. இங்கிலாந்தில் ஒரு சின்னப் பதிப்பகம் 500 பிரதிதான் அச்சிட்டது. பெரிய பதிப்பகங்கள் எல்லாம் கைவிரித்த கையெழுத்துப் பிரதி அது. பட்டியல் வந்ததும் ஆயிரக்கணக்கில் அச்சிட வேண்டியதாயிற்று. பரிசுகளால் என்ன பயன் என்று கேட்பவர்களுக்கு நான் காட்டுவது இதைத்தான்.

ஜோபர்க் வாசகன், 10 நவம்பர்

கண்டத்தையே பார்த்தால் இன்னும் வேடிக்கை. அக்டோபர் 7 அன்று சான்சிபாரில் பிறந்த அப்துல்ரசாக் குர்னாவுக்கு நோபல். அதே மாதம் மொசாம்பிக்கின் பவுலினா சிசியானேவுக்குப் போர்ச்சுகீசிய மொழியின் கமோயிஷ் பரிசு. கால்கட் புக்கர் வாங்கிய அதே நவம்பர் 3 அன்று பாரிசில் செனகலின் முகமது எம்பூகர் சார் கோங்கூர் பரிசு வாங்கினார். ஜூனில் சர்வதேச புக்கர் டாவித் தியோப்புக்கு, அவரும் செனகலில் வளர்ந்தவர். மேடையில் கால்கட்டும் சொல்லப்பட்ட கதைகள், சொல்லப்படாத கதைகள் எல்லாவற்றின் சார்பாகவும் வாங்கிக்கொள்கிறேன் என்றுதான் பேசினார்.

கேட்டோமேனர் பேரன், 10 நவம்பர்

ஸ்டாக்ஹோம், லண்டன், பாரிஸ், லிஸ்பன். ஆப்பிரிக்க இலக்கிய ஆண்டு என்கிறீர்கள், ஓர் ஊர்கூட ஆப்பிரிக்காவில் இல்லையே அண்ணா.

கரும்புக்காடு, 14 நவம்பர்

நேற்று கேப் டவுனில் வில்பர் ஸ்மித் காலமானார். இலக்கியத்தில் சேர்ப்பதா என்று சண்டை வேண்டாம். சிறுவயதில் போர்வைக்குள் கைவிளக்கோடு படித்தவர்கள் கையைத் தூக்குங்கள். அவருடைய 1964ஆம் ஆண்டு முதல் நாவலை இங்கே தடை செய்திருந்தார்கள், அதனாலேயே எங்கள் தெருவில் அதற்குக் கிராக்கி.

பாடசாலை ஆசிரியை, 16 நவம்பர்

இன்று நவம்பர் 16. 1860இல் இதே நாளில் சென்னையிலிருந்து வந்த ட்ரூரோ கப்பல் 342 பேரோடு டர்பன் துறையில் நின்றது. 161 ஆண்டு.

அந்தக் கதையை எழுதும் நாவலும் இந்த ஆண்டே வந்திருக்கிறது, ஜோவான் ஜோசப்பின் 'சில்ட்ரன் ஆஃப் சுகர்கேன்'. கல்யாணத்திலிருந்து தப்பிக் கப்பலேறும் சாந்தி என்ற பெண். பாதி படித்திருக்கிறேன். சில இடங்களில் வேகம் அதிகம், நின்று மூச்சுவிட்டிருக்கலாம். ஆனால் கரும்புத் தோட்டத்துப் பெண்களின் பக்கத்திலிருந்து எழுதியிருக்கிறார், அதற்காகப் படியுங்கள்.

எல்லாம் ஆங்கிலத்தில்தான் என்பதைச் சொல்லாமல் இருக்க முடியவில்லை. ஆஃப்ரிகான்ஸ் மொழிக்கு ஹெர்ட்சாக் பரிசு நூறாண்டாக இருக்கிறது. தமிழுக்கு? 1903இல் டர்பனில் தொடங்கிய 'இந்தியன் ஒப்பீனியன்' இதழ் நான்கு மொழியில் வந்தது, தமிழும் ஒன்று. 1906இல் தமிழ்ப் பகுதியை நிறுத்திவிட்டார்கள். 1908 முதல் பி. எஸ். ஐயர் 'ஆஃப்ரிகன் கிரானிக்கிள்' இதழில் தமிழ் அச்சிட்டார். நம் அரசியலமைப்பின் ஆறாம் பிரிவு, மதித்துப் போற்ற வேண்டிய மொழிகளில் தமிழைப் பெயர் சொல்லியே குறிப்பிடுகிறது. அதுவும் ஒரு வாக்குதான்.

மெரிபேங்க் பக்கத்து வீடு, 17 நவம்பர்

பரிசு கொடுக்க முதலில் யாராவது தமிழில் எழுத வேண்டும், டீச்சர்.

பாடசாலை ஆசிரியை, 17 நவம்பர்

இப்போது நீங்கள் எழுதியது தமிழ்தானே. தொடருங்கள்.

கரும்புக்காடு, 27 நவம்பர்

புக்கர் பிரதி ஒன்று வாங்கிவரச் சொல்லியிருந்த மைத்துனர் லண்டனிலேயே மாட்டிக்கொண்டார். புதுக் கொரோனா வகையைக் கண்டுபிடித்துச் சொன்னது நம் விஞ்ஞானிகள், அதற்காக நேற்றிலிருந்து இங்கிலாந்துக்காரர்கள் நம் விமானங்களை நிறுத்திவிட்டார்கள். நவம்பர் 3 அன்று கழுத்தில் மாலை போட்டார்கள், 26 அன்று கதவைச் சாத்தினார்கள்.

பாடசாலை ஆசிரியை, 12 டிசம்பர்

இதை எழுதலாமா வேண்டாமா என்று ஒரு மாதம் யோசித்தேன்.

'தி பிராமிஸ்' படித்து முடித்தேன். வெள்ளைக்காரக் குடும்பத்தைப் பற்றி என்று நினைத்துக்கொண்டுதான் வசதியாகப் படித்தேன். பாதியில் என் பெரியம்மா வீடு நினைவுக்கு வந்தது. பின்கட்டில் ஓர் அறை, அதில் ஒரு ஜூலு அம்மா, இருபது ஆண்டு. அவருக்குத் தனித் தட்டு, தனிக் குவளை, தகரத்தில். நிறவெறி அரசு எங்களை கேட்டோ மேனரிலிருந்து பிடுங்கி சாட்ஸ்வொர்த்தில் போட்டார்கள் என்று சொல்லிச் சொல்லி அழுத அதே வீட்டில். இந்த ஜூலைக் கலவரத்தில், நம் இந்தியர் வாழும் ஃபீனிக்சில், கறுப்பின மக்களைக் கொன்றது எல்லோருக்கும் தெரியும், முப்பதுக்கும் மேற்பட்ட உயிர்கள். அதற்குப் பிறகு எதையும் முன்போலப் படிக்க முடியவில்லை.

ரோனி ஐயா இருந்திருந்தால் ஜூலையைப் பற்றி என்ன எழுதியிருப்பார்? டர்பனில் இந்தியர் மீது கலவரம் நடந்த ஆண்டை, '1949' என்றே ஒரு கதைக்குத் தலைப்பு வைத்தவர் அவர்.

ஜோபர்க் வாசகன், 12 டிசம்பர்

தகரக் குவளை எங்கள் ஊரிலும் உண்டு அக்கா. வேறு ஆட்களுக்கு.

கேட்டோமேனர் பேரன், 13 டிசம்பர்

அக்கா, நன்றி. சலோமியைப் பற்றி நான் கோபப்பட்டு எழுதியதை மறுபடி படித்தேன். எங்கள் வீட்டிலும் அந்தக் குவளை இருந்தது. ப்ளூ நிறம்.

ஒரு யோசனை. ரோனி தாத்தாவின் ஏதாவது ஒரு பகுதியைத் தமிழில் செய்து பாடசாலையில் வாசிக்கலாமா? வெளியிட அல்ல, நமக்காக. நான் 'லானி' நாடகத்தில் முதல் பத்துப் பக்கம் முயன்றேன். தலைப்பிலேயே நின்றுவிட்டேன். லானிக்குத் தமிழ் என்ன? முதலாளியா? எஜமானா?

கரும்புக்காடு, 13 டிசம்பர்

துரை! கரும்புத் தோட்டத்தில் என் பாட்டனார் வெள்ளைக்காரனைத் துரை என்றுதான் சொல்வார். மறுபாதி கடினம். மகிழ்ச்சி மட்டுமில்லை, அவன் விருப்பப்படிதான் எல்லாம் என்ற பொருளும் அதில் இருக்கிறது. 'துரை சித்தம்' என்று போடுங்கள்.

நூலக மேசை, 28 டிசம்பர்

பேராயர் டெஸ்மண்ட் டூட்டு ஞாயிறன்று போய்விட்டார். இன்று புத்தகம் பற்றிப் பேச மனமில்லை. 'அட் தி எட்ஜ்' எங்கள் கிளையில் ஒரு பிரதி அலமாரியில் இருக்கிறது, தேவைப்படுபவர் சொன்னால் எடுத்து வைக்கிறேன்.

கேட்டோமேனர் பேரன், 16 ஜனவரி 2022

நேற்று, பொங்கலுக்கு மறுநாள், பாடசாலையில் வாசித்தோம். பதினொரு பேர், முகக்கவசத்தோடு. குடிகாரனாக நான், ஊற்றிக் கொடுப்பவனாக ஆசிரியை அக்கா. எட்டுப் பக்கம் போவதற்குள் பிள்ளைகள் சிரித்துப் பெஞ்சைத் தட்டினார்கள்.

முடிந்ததும் பின்வரிசையில் இருந்த ஒரு தாத்தா எழுந்தார், சர்க்கரை ஆலையில் வேலை பார்த்தவர். துரை வேண்டாம், லானி என்றே போடு என்றார். ஏன் தாத்தா என்றேன். "துரை என்று முகத்துக்கு நேரே சொல்வோம். லானி என்று அவன் போனபிறகு சொல்வோம்" என்றார். கரும்புக்காடு ஐயா மன்னிக்க வேண்டும், மாற்றிவிட்டேன்.

அடுத்த வாசிப்பு இரண்டு வாரம் கழித்து, சனிக்கிழமை மூன்று மணிக்கு. நாடகப் பிரதியை யாரோ தவறுதலாக எடுத்துப் போயிருக்கிறீர்கள். பச்சை அட்டை, ஓரத்தில் மஞ்சள் கறை, அது என்னுடைய கறிச்சோற்றுக் கறைதான். தயவுசெய்து கொண்டுவாருங்கள்.

கரும்புக்காடு, 16 ஜனவரி

லானியே இருக்கட்டும். பிரதி என் பையில்தான் இருக்கிறது, நான்தான் எடுத்து வந்துவிட்டேன்.